லீக் பாக்கெட்

கொருக்குப்பேட்டை கேட் விழுந்துவிட்டால்
அந்தப் பக்கம் பால் வேன்,
இந்தப் பக்கம் நானும் வெறுங்கையும்,
நடுவில் ஐம்பத்தெட்டு பெட்டி சரக்கு ரயில்.
பெட்டி எண்ணுவதுதான் என் தூக்கம்.

நாலு மணிக்கு இம்தியாஸ் டிரே இறக்குகிறான்.
நீலம் பன்னிரண்டு, பச்சை ஒன்பது,
ஆரஞ்சு நாலு, அது மாடி வீடுகளுக்கு.
எந்த வீட்டில் சம்பளம் நின்றதென்று
நிறத்தைப் பார்த்தே சொல்வேன்:
ஆரஞ்சு பச்சையாகும், பச்சை நீலமாகும்,
நீலம் பத்து ரூபாய் பவுடராகும்.
அதற்கும் கீழே வெறும் டீத்தண்ணி,
அது என் கடைக்கு வராது.

போன வாரம் நிதர்சன் வந்தான்.
கழுத்தில் அட்டை, கையில் டேப்லெட்,
ஏதோ கம்பெனிக்காக
சந்தையின் போக்கைக் கேட்டுக்கொண்டு.
"உலகத்துப் பால்ல நாலுல ஒரு பங்கு
நம்ம நாடுதான் சார்" என்றான்.
சரிதான்.
என் தெருவுக்கு வருவது அதில் முந்நூறு லிட்டர்,
அதில் தினம் ஆறு பாக்கெட் லீக்.
லீக்கை எந்தக் கட்டத்தில் போடுவாய் என்றேன்.
அப்படி ஒரு கட்டம் இல்லையாம்.

பாக்கெட்டுக்கு எனக்கு எண்பது காசு.
ஒன்று ஓட்டையானால்
முப்பது பாக்கெட்டைச் சும்மா சுமந்திருக்கிறேன்.

சித்திரையில் ஒரு கம்பெனி
அரை லிட்டரை நானூற்றைம்பது மில்லி ஆக்கியது.
விலை அதேதான்.
கவரில் இருந்த பசு மட்டும்
கொஞ்சம் பெருத்திருந்தது.
ஒரு வாரம் யாருக்கும் தெரியவில்லை.
அப்புறம் டீக்கடை நாகூர்கனி வந்து
காலி டம்ளரைக் கவிழ்த்துக் காட்டினார்:
"இன்னாபா, ஒரு டீயைக் காணோம்?"

புண்ணாக்கு ஏறிவிட்டதாம்.
ஊத்துக்கோட்டைப் பக்கம் மாட்டை விற்று
ஆட்டோ வாங்குகிறார்களாம்.
வெண்ணெய் வடக்கே போகிறதாம்.
எல்லாம் வேன் டிரைவர் சொல்லித்தான் தெரியும்.
கறப்பவனுக்கு ரெண்டு ரூபாய் ஏற
பாலை ரோட்டில் கொட்ட வேண்டியிருக்கிறது.
இங்கே ரெண்டு ரூபாய் ஏற
ஒரு ராத்திரி போதும்.

நிதர்சனின் பதினான்காவது கேள்வி:
தட்டுப்பாடு வந்தால்
வாடிக்கையாளர் எவ்வளவு வரை கொடுப்பார்?

வெள்ளத்தின் மூன்றாம் நாள்.
எண்ணெய் மிதந்த தண்ணீர், முட்டிக்கு மேல்.
எனக்குக் கிடைத்தது ரெண்டே டிரே,
தலையில் வைத்துக் கொண்டுவந்தேன்.
முதல் மூன்றை அச்சிட்ட விலைக்குத்தான் விற்றேன்.
நாலாவதை நாற்பதுக்கு.
யாராவது திட்டியிருக்கலாம்.
பதினோராவதாய் தேவகிருபை நின்றாள்,
இடுப்பில் எட்டு மாதக் குழந்தை.
"எவ்ளோண்ணா?"
எண்பது என்றது வாய்.
நனைந்த நூறு ரூபாயை நீட்டினாள்.
சில்லறை இல்லை என்றேன்.
இருந்தது.

"நூறு வரைக்கும்" என்றேன் நிதர்சனிடம்.
"எந்தப் பிரிவு சார்?"
"நீலம்."
தட்டிக்கொண்டு போனான்.

அந்தப் பிள்ளை இப்போது பால்வாடிக்குப் போகிறது.
தினம் ஒரு நீலம் வாங்குகிறாள்.
காசைச் சரியாய் எண்ணி வைத்துவிட்டு
நான் எண்ணி முடிக்கும்வரை நிற்பாள்.
ஒரு வார்த்தை கேட்டதில்லை.
வேறு கடைக்கும் போனதில்லை,
போயிருந்தால் தேவலை.

முந்தாநாள் அவள் பையில்
ஒரு பாக்கெட் கூடப் போட்டேன்,
கை தவறியதைப் போல.
இன்று காலை
காலி டிரேயின் மூலையில் கிடக்கிறது,
பிரிக்காமல், உப்பி, பந்துபோல.

"இத்த எதுலண்ணா எழுதறது?"
லீக்கில் எழுது என்றேன்.
இம்தியாஸ் அதைத் தெருவிளக்குக்குத் தூக்கிப் பிடித்து
திருப்பித் திருப்பிப் பார்க்கிறான்,
ஓட்டையைத் தேடி.